செப்டெம்பருக்கு முன் எட்டாம் நாள்

2024 ஒக்ரோபர் 15, செவ்வாய்க்கிழமை, காலை பத்தேகாலுக்கு ரீச்சர் தொலைபேசியில் கூப்பிட்டு, என் புத்தகத்தின் ஒன்பதாம் அத்தியாயம் பிழை என்று சொன்னார். புத்தக வெளியீடு அடுத்து வந்த ஞாயிற்றுக்கிழமை, இருபதாம் திகதி. நூற்றிருபது பிரதிகளும் சென்னையில் அச்சாகி வந்து, ஆய்வுரைக்காக ரீச்சரிடம் கொடுத்த ஒன்று போக, மற்றவை ஸ்காபரோவின் வெக்ஸ்போர்ட் பகுதியில் எங்கள் அப்பார்ட்மெண்டின் வரவேற்பறையில் ஐந்து பெட்டிகளில் இருந்தன.

புத்தகம் ஒரு கோமானின் வாழ்க்கை. ஏறக்குறைய ஆயிரத்து நூறு ஆண்டுகளுக்கு முன், பிரனீஸ் மலைகளின் தென்புறத்தில், இன்று கத்தலோனியா எனப்படும் நாட்டில் இரண்டு பள்ளத்தாக்குகளை ஆண்டவர். அவருடைய தகப்பனுக்கும் அதே பெயர், மூத்த மகனுக்கும் அதே பெயர், பக்கத்து நாட்டை ஆண்ட மைத்துனருக்கும் அதே பெயர். புத்தகத்தில் அவர்களைப் பிரித்துக் காட்டவே பதினான்கு பக்கம் செலவழித்தேன். இங்கே பெயர் வேண்டாம்.

கோமான் என்ற சொல்லுக்கு நான் வந்ததும் ஒரு கதை. மாதத்தின் இரண்டாம் சனிக்கிழமைகளில் ஸ்காபரோவில் ஒரு நூலக அறையில் எங்கள் வாசகர் வட்டம் கூடும். அங்கே முதல் அத்தியாயத்தை வாசித்தபோது ஆங்கிலச் சொல்லை அப்படியே எடுத்து ‘கவுண்ட்’ என்று எழுதியிருந்தேன். வட்டத்தை நடத்துபவர் யூனியன்வில்லில் இருக்கும் ஒரு மென்பொருள் பொறியாளர், சொந்த ஊர் கோயம்புத்தூர்ப் பக்கம். கையை உயர்த்தி, “சார், ஒரு நிமிஷம். நம்ம கவுண்டருங்களா? அவ்வளவு தூரமா போயிட்டாங்க?” என்று கேட்டார். சிரிப்பு அடங்க நேரமாயிற்று. அன்று வீட்டுக்குப் போனதும் கையெழுத்துப் பிரதி முழுவதும் கோமான் என்று மாற்றினேன். அவருடைய மனைவி கோமாட்டி ஆனார்.

நான் சரித்திரம் படித்தவன் அல்ல. மார்க்கம் நகரில் உணவு பொதிசெய்யும் ஒரு தொழிற்சாலையில் இருபத்தாறு வருடம் வேலை செய்தேன். கடைசிப் பதினெட்டு வருடமும் பெட்டிகளில் அடிக்கப்படும் எக்ஸ்பயரி திகதி சரியா என்று பார்ப்பதுதான் என் வேலை. ஓய்வு பெற்ற பிறகும் திகதிகளை விட முடியவில்லை. கோமானிடம் என்னை இழுத்ததும் ஒரு திகதிதான்.

அவரைப் பற்றிக் கதைகள் அதிகம் இல்லை. இருப்பவை பத்திரங்கள். காணி கொடுத்தது, வாங்கியது, வழக்குத் தீர்த்தது. காடாய்க் கிடந்த நிலத்தை வெட்டித் திருத்தி முப்பது வருடம் ஆண்டால் அது திருத்தியவனுக்கே சொந்தம் என்ற வழக்கம் அங்கே இருந்தது. அவருடைய பத்திரங்களில் பாதி அது சம்பந்தமானவை. அங்கே ராசா இருந்தது மலைக்கு அப்பால், வெகு தொலைவில். அந்தப் பள்ளத்தாக்குகளை ஒருமுறைகூட வந்து பாராத அந்த ராசாவின் இத்தனையாம் ஆட்சியாண்டு என்றுதான் எழுத்தர்கள் வருடம் குறிப்பார்கள். ராசாவை விழுத்திவிட்டு வேறொருவர் முடி சூடினால், புதியவரை ஏற்க மனமில்லாமல், கிறிஸ்து ஆள்கிறார், நாங்கள் ராசாவுக்குக் காத்திருக்கிறோம் என்ற பொருளில் எழுதிவைத்த பத்திரங்களும் உண்டு. அப்படியொரு வரியைப் படித்த நாளில், 2019 டிசம்பர் 7, சனிக்கிழமை, இந்த மனிதரின் வாழ்க்கையைத் தமிழில் எழுதுவது என்று முடிவெடுத்தேன்.

வருடம் இப்படியென்றால் நாள் வேறு விதம். அவர்கள் ரோமர் வழக்கப்படி பின்னோக்கி எண்ணினார்கள். ஆகஸ்ட் கடைசி வாரத்தில் ஒரு நாளைச் சொல்லவேண்டுமென்றால், செப்டெம்பர் முதலாம் திகதிக்கு முன் இத்தனையாம் நாள் என்பார்கள். இதை எங்கள் திகதிக்கு மாற்ற ஆயத்தப் பட்டியல்கள் நூலகத்தில் இருந்தன. நான் அவற்றைத் தொடவில்லை. பதினெட்டு வருடம் திகதி பார்த்தவனுக்கு ஏன் இன்னொருவன் பட்டியல் என்ற எண்ணம். முதல் குளிர்காலத்திலேயே சதுரக் கோட்டுத் தாளில் என் சொந்தப் பட்டியலைப் போட்டேன். நாலு வருடம் அதை வைத்தே வேலை செய்தேன்.

ஒன்பதாம் அத்தியாயம் கோமானின் மரணம் பற்றியது. ஒரு மடத்தின் இறந்தோர் பட்டியலில் அவர் பெயருக்கு நேரே, செப்டெம்பருக்கு முன் எட்டாம் நாள் என்று இருந்தது. என் பட்டியலில் அது ஆகஸ்ட் 24. அவர் கடைசியாகக் கையெழுத்துக்குப் பதில் சிலுவைக் குறி இட்ட பத்திரம், தானியம் அரைக்கும் ஆற்றோரத்து மாவாலை ஒன்றைக் கோமாட்டிக்கு எழுதிக் கொடுத்தது. அவர் இறந்த அதே வருடத்து அந்தப் பத்திரத்தில் ஒரு வேதசாட்சியின் திருநாளே நாளாகக் குறிக்கப்பட்டிருந்தது. அந்தத் திருநாள் ஆகஸ்ட் 25. இருபத்துநாலில் செத்தவர் இருபத்தைந்தில் குறியிட்டிருக்கிறார்.

நான் இதைக் கண்டுபிடித்தபோது கதிரையை விட்டு எழும்பி நின்றுவிட்டேன். கோமானின் தம்பி மாவாலையைக் கேட்டு வழக்கு வைத்ததும், கோமாட்டி சாட்சிகளைக் கூட்டிவந்ததும், அவர்கள் பீடத்தில் கை வைத்து, கோமான் உயிரோடு இருக்கையில்தான் குறியிட்டார் என்று சத்தியம் பண்ணியதும் வேறொரு பத்திரத்தில் இருந்தன. எல்லாம் ஒன்றாகப் பொருந்தியது. கோமாட்டி செத்தவரின் கையைப் பிடித்துச் சிலுவை போட்டாள், சாட்சிகள் பொய்ச்சத்தியம் பண்ணினார்கள் என்று எழுதினேன். அறை எப்படி இருந்திருக்கும், மெழுகுதிரி எங்கே நின்றிருக்கும் என்றுகூட எழுதினேன். தலைப்பு ‘செத்தவர் இட்ட சிலுவை’. 2024 யூன் 8 அன்று வட்டத்தில் அதை வாசித்தபோது அறையில் இருமல் சத்தம்கூட இல்லை. வெளியீட்டு அழைப்பிதழிலும் அந்தத் தலைப்பையே பெரிய எழுத்தில் போட்டார்கள்.

ரீச்சருக்கு அப்போது எழுபத்தொன்பது வயது. மன்னாரில் கன்னியர் நடத்திய பள்ளிக்கூடம் ஒன்றில் படிப்பித்தவர். இளவயதில் அங்கே இருந்த ஒரு வயதான பாதிரியாரிடம் லத்தீன் படித்திருக்கிறார். இங்கே வந்து முதியோர் இல்லம் ஒன்றில் இருபது வருடம் வேலை செய்தார். வெளியீட்டில் ஆய்வுரை அவருடையது. அதற்காக ஒரு பிரதியை ஒரு வாரம் முன்பே கொண்டுபோய்க் கொடுத்திருந்தேன்.

“தம்பி, உந்தத் திகதியெல்லாம் ஆர் மாத்தினது?” என்று தொடங்கினார்.

நான்தான் என்றேன்.

“எட்டாம் நாளை எப்பிடி எண்ணினனீர்?”

செப்டெம்பர் ஒன்றிலிருந்து எட்டைக் கழித்தேன் என்றேன்.

“யேசு என்ன கிழமை செத்தவர்?”

“வெள்ளி.”

“உயிர்த்தது?”

“ஞாயிறு.”

“எத்தினையாம் நாள்?”

“மூண்டாம் நாள்” என்றேன். சொல்லிமுடிக்கவே எனக்கு விளங்கிவிட்டது.

“உம்மட கணக்குப்படி ரெண்டாம் நாளெல்லோ வரவேணும். ரோமாக்காரனும் எங்கட ஆக்கள் மாதிரித்தான் தம்பி. துடங்கிற நாளையும் சேர்த்துத்தான் எண்ணுவான். செப்டெம்பர் ஒண்டை நீர் விட்டுப்போட்டீர்.”

நான் விரலை மடக்கினேன். செப்டெம்பர் ஒன்று, ஆகஸ்ட் முப்பத்தொன்று, முப்பது. எட்டாவது விரல் இருபத்தைந்தில் மடங்கியது. கோமான் குறியிட்ட நாளும் செத்த நாளும் ஒரே நாள். சாகக் கிடந்த மனிதன் மனைவிக்கு ஒரு மாவாலையை எழுதிவைத்துவிட்டுச் செத்திருக்கிறான். அவ்வளவுதான் நடந்தது.

“அந்த மனுசியைக் கள்ளியாக்கிப்போட்டீர்” என்றார் ரீச்சர். “நான் மேடையில ஏறிப் பொய் சொல்லமாட்டன். ஞாயிற்றுக்கிழமைக்கிடையில நீர் என்ன செய்யிறீரோ செய்யும்.”

போனை வைத்தேன். செத்த வீட்டில் எட்டையும் முப்பத்தொன்றையும் எண்ணி வளர்ந்தவன் நான். செத்த நாள்தான் முதலாம் நாள். அதில் எங்கள் ஊரில் யாருக்கும் சந்தேகம் வராது. தொழிற்சாலையில் பொதிசெய்த நாள் பூச்சியம். அதற்கு அடுத்த நாள்தான் ஒன்று. பதினெட்டு வருடத்தில் அந்தப் பூச்சியம் என் தலைக்குள் ஏறி உட்கார்ந்துவிட்டது.

அதைவிட ஒன்று இருந்தது. 1990 மே மாதம் என் அகதிக் கோரிக்கையை விசாரித்தபோது, அப்பா மார்ச் 3 அன்று இறந்தார், முப்பத்தோராம் நாள் அந்தியேட்டி முடித்து மறுநாள், ஏப்ரல் 3, ஊரைவிட்டு வெளிக்கிட்டேன் என்று சொன்னேன். அப்படியானால் அந்தியேட்டி ஏப்ரல் 2. விசாரித்தவர் கலண்டரைப் பார்த்து, மார்ச் 3இலிருந்து ஏப்ரல் 2க்கு முப்பது நாள்தானே, முப்பத்தொன்று என்கிறீரே, எது உண்மை என்று கேட்டார். மொழிபெயர்த்தவரும் எங்கள் கணக்கை விளக்கவில்லை. நான் இரண்டும் உண்மை என்றேன். பிறகு வந்த நிராகரிப்புக் கடிதத்தில், வேறு காரணங்களோடு, நாட்களைப் பற்றிய என் சாட்சியம் நம்பத்தக்கதாக இல்லை என்றும் ஒரு வரி இருந்தது. இரண்டு வருடம் கழித்து வேறொரு அதிகாரியின் மேசையில் அந்தக் கோரிக்கை சரிவந்தது. ஆனால் ஒரு நாளால் பொய்யன் ஆவது எப்படி இருக்கும் என்பது எனக்குத் தெரியும். தெரிந்தும் அதையே ஒரு பெண்ணுக்கும் அவளுடைய சாட்சிகளுக்கும் செய்து, அதற்குக் கைதட்டலும் வாங்கியிருந்தேன்.

மத்தியானத்துக்குள் முடிவெடுத்தேன். ஞாயிறு அன்று அந்த அத்தியாயத்தோடு ஒரு பிரதியும் வீட்டைவிட்டு வெளியே போகாது. வெளியீட்டைத் தள்ளிப்போடவும் மாட்டேன்.

முதலில் பொறியாளருக்குச் சொன்னேன். அவர் பதறவில்லை. “சார், பிழைதிருத்தம்னு ஒரு சீட்டு அடிச்சு உள்ள வெச்சிடலாமே. எல்லா புக்லயும் இருக்கிறதுதான” என்றார். அவர் சொன்னதில் பாதி சரி. என் பட்டியலால் பிழையான திகதிகள் ஒன்பதாம் அத்தியாயத்துக்கு வெளியே நாற்பத்தொன்று இருந்தன. ஒரு கோயிலைத் திறந்த நாள், ஒரு வயலை விற்ற நாள். அவை எல்லாம் ஒரு நாள் தள்ளிப்போவதால் யாருக்கும் குறைவில்லை. அவற்றுக்குச் சீட்டுப் போதும். ஆனால் பன்னிரண்டு பக்கம் ஒரு மனுசியைக் கள்ளி என்று எழுதிவிட்டு, அல்ல என்று ஒரு சீட்டில் சொல்வது எனக்குச் சரியாகப் படவில்லை. சீட்டு விழுந்துபோகும். பக்கம் நிற்கும்.

மனைவி அடுப்படியிலிருந்து எல்லாவற்றையும் கேட்டுக்கொண்டு நின்றார்.

“இஞ்சாருங்கோ, அந்த மனுசி செத்து எத்தினை வருசம்?”

ஆயிரத்துக்கு மேலே என்றேன்.

“வழக்குப் போட வராதெண்டு தெரியுந்தானே?”

ஓம் என்றேன்.

“என்ர பிறந்தநாளையும் உப்பிடித்தான் ஒரு நாள் பிசகாமல் ஞாபகம் வச்சிருக்கிறியள். ஒரு சீலை வாங்கித் தரத்தான் ஞாபகம் வாறேல்லை” என்று சொல்லிவிட்டுப் போய், தையல் பெட்டிக்குள் இருந்த கோடு போடும் இரும்பு அடிமட்டத்தையும் ஒரு பிளேட் கத்தியையும் கொண்டுவந்து மேசையில் வைத்தார்.

அத்தியாயம் 97ஆம் பக்கத்திலிருந்து 108 வரை. ஆறு தாள். அவற்றைப் புத்தகத்தின் முதுகோடு ஒட்ட வெட்டினால் மற்றத் தாள்களும் கழன்றுவிடும். ஆகவே முதுகுப் பக்கம் ஒரு விரல் அகலம் விட்டு வெட்டி, புதிய தாள்களை அந்த விளிம்பில் ஒட்டவேண்டும். பழுதாய்ப்போனாலும் பரவாயில்லை என்று ஒரு பிரதியில் முதலில் செய்து பார்த்தோம். அது பழுதாய்ப்போனது. இரண்டாவது சரிவந்தது.

செவ்வாய் பின்னேரமும் புதன் முழுவதும் எழுதினேன். அந்த அத்தியாயத்தை முதல்முறை எழுத ஒன்பது நாள் எடுத்தது. ஏனென்றால் அதில் கற்பனை நிறைய இருந்தது. இந்த முறை பத்திரங்களில் உள்ளதை மட்டும் எழுதினேன். கோமான் நோயாய்க் கிடந்தார். மாவாலையை எழுதிக் கொடுத்தார். அன்றே இறந்தார். காலையில் குறியிட்டாரா மாலையிலா என்று தெரியாது. பேனையை அவரே பிடித்தாரா என்று தெரியாது. தம்பி ஏன் நம்பவில்லை என்று தெரியாது. சாட்சிகள் சத்தியம் பண்ணினார்கள், அவர்கள் சொன்னதற்கு எதிராக எந்தப் பத்திரமும் இல்லை. என் முந்திய கணக்கு எப்படிப் பிழையானது என்பதையும், யேசு உயிர்த்த நாளை வைத்து அதைத் திருத்தியவர் யார் என்பதையும் ஒரு பக்கத்தில் சொன்னேன். எல்லாமாக எட்டுப் பக்கம்தான் வந்தது. நாலு பக்கம் குறைந்தது. வேறு எதையாவது போட்டு நிரப்ப மனம் வரவில்லை. 104ஆம் பக்கத்தின் அடியில், ‘105 முதல் 108 வரை பக்கங்கள் இல்லை. அவற்றில் இருந்தது பிழை’ என்று ஒரு வரி எழுதி முடித்தேன்.

வியாழன் காலை லோரன்ஸ் வீதியில் ஒரு பிளாசாவில் உள்ள தமிழ் அச்சுக்கூடத்துக்குப் போனேன். கலியாண அழைப்பிதழும் கல்வெட்டும்தான் அவர்களுக்கு முக்கிய வேலை. செத்தவரின் படமும் வரலாறும் போட்டு முப்பத்தோராம் நாளுக்கு அடிக்கும் புத்தகத்தைத்தான் நாங்கள் கல்வெட்டு என்போம். நான் தாள்களையும் நாற்பத்தொரு திகதிகளின் பிழைதிருத்தச் சீட்டையும் நீட்டி, மறுநாளே வேணும் என்றதும், அங்கே நின்றவர் நிமிர்ந்து பார்க்காமலே, “எப்ப அண்ணை அந்தியேட்டி?” என்று கேட்டார்.

ஞாயிற்றுக்கிழமை என்றேன். விளக்க நேரமில்லை.

“செத்தவர் உங்களுக்கு என்ன முறை?”

தாளின் அளவையும் தடிப்பையும் சொல்லிவிட்டு, ரீச்சருக்குப் புதிய அத்தியாயத்தின் ஒரு பிரதி கொடுக்கப் போனேன். ரீச்சர் மின்னஞ்சல் திறப்பதில்லை. பஸ் எடுத்து அவருடைய கட்டடத்துக்குப் போய்க் கையில் கொடுத்தேன். நான் நிற்கவே வாசித்தார். ஒரு இடத்தில் ‘ஒருவேளை’ என்ற சொல்லை வெட்டினார். இன்னொரு இடத்தில், வெட்டவேண்டாம் என்று நான் கேட்டும், ‘பாவம் கோமாட்டி’ என்பதை வெட்டினார். “பாவம் எண்டு சொல்ல நீர் ஆர்? அவ வழக்கில வெண்டவ” என்றார். அச்சுக்கூடத்துக்கு அங்கிருந்தே போன் பண்ணி இரண்டையும் எடுக்கச் சொன்னேன்.

வெள்ளி பிற்பகல் தாள்களும் சீட்டுகளும் வந்தன. மனைவி வெட்டினார், நான் ஒட்டினேன். அடிமட்டத்தை வைத்து அவர் ஒரே இழுவையில் ஆறு தாளையும் வெட்டுவதைப் பார்த்தால், முதல் பிரதியைப் பழுதாக்கியது நான்தான் என்பது விளங்கும். பசை காயும்வரை பாரம் வைக்கவேண்டும். வீட்டில் இருந்த அகராதிகள், பத்துக் கிலோ அரிசி மூட்டை, இஸ்திரிப்பெட்டி எல்லாம் புத்தகங்களின் மேல் ஏறின. இடையில் ஒருமுறை, மூன்று பிரதிகளில் 99ஆம் பக்கத்துத் தாளைத் தலைகீழாக ஒட்டிவிட்டேன். மனைவி அவற்றை என் பக்கம் தள்ளிவைத்தார். திரும்பப் பிரித்து ஒட்டினேன். ரீச்சரிடம் கொடுத்த பிரதியையும் திருப்பி வாங்கி மாற்றினேன். சனி பிற்பகல் மூன்றரைக்கு நூற்றுப்பத்தொன்பதாவது பிரதி முடிந்தது.

வெட்டியெடுத்த தாள்கள் இரண்டு கடைப்பைகள் நிறைய இருந்தன. ஒன்றையாவது வைத்திருக்கலாமே என்று ஒரு கணம் தோன்றியது. நான் எழுதியவற்றில் அதுதான் நன்றாக வந்தது, அதில் சந்தேகமில்லை. பிறகு இரண்டு பைகளையும் கீழே கொண்டுபோய் மறுசுழற்சித் தொட்டியில் போட்டு, மூடியையும் மூடிவிட்டு வந்தேன்.

ஞாயிறு நிகழ்ச்சி மூன்று மணிக்கு என்று போட்டு மூன்று நாற்பதுக்குத் தொடங்கியது. எழுபது பேர் வரையில் இருந்தார்கள். ஏற்புரை கடைசியில் வருவதுதான் வழக்கம். நான் முதலில் பேசவேண்டும் என்று பொறியாளரிடம் கேட்டு வாங்கினேன். அழைப்பிதழில் உள்ள தலைப்பு புத்தகத்தில் இல்லை, நான் எண்ணியது பிழை, யூன் மாதம் நான் உங்களுக்கு வாசித்ததும் பிழை, கோமாட்டி பொய் சொல்லவில்லை என்றேன். நாலு நிமிடம் எடுத்தது. கைதட்டுவதா இல்லையா என்று சபைக்குத் தெரியவில்லை. சிலர் தட்டினார்கள்.

ரீச்சர் நாற்பது நிமிடம் பேசினார். ஒவ்வொரு அத்தியாயமாகப் பிரித்தார். “ஒன்பதாம் அத்தியாயம் இப்ப சரி. மற்ற அத்தியாயங்களைப் பற்றி அப்பிடிச் சொல்ல ஏலாது” என்றபோது சபை சிரித்தது. அவர் சிரிக்கவில்லை. அவர் சுட்டிக்காட்டியவற்றை முன்வரிசையில் இருந்து குறித்துக்கொண்டேன். ஏழு.

தேநீருக்குப் பிறகு புத்தக மேசையில் நின்றபோது, யூன் மாதக் கூட்டத்துக்கு வந்திருந்த ஒருவர் வந்தார். ஐம்பது வயது இருக்கும். ஒரு பிரதியை எடுத்து, 97ஆம் பக்கத்தைத் தேடிப்பிடித்து, கொஞ்சம் வாசித்துவிட்டு மூடினார்.

“அண்ணை, பழைய அத்தியாயம் உள்ளது ஒண்டு இருந்தாத் தாங்கோ.”

இல்லை என்றேன்.

“ஒண்டுகூட இல்லையோ? அதுதானே அண்ணை விறுவிறுப்பு. என்ர மனுசிக்கும் சொல்லிப்போட்டன், செத்தவன்ர கையைப் பிடிச்சுச் சிலுவை போட்ட கதை இருக்கெண்டு. ஆருக்கும் காட்டமாட்டன்.”

“அவ செத்தவன்ர கையைப் பிடிக்கேல்லை தம்பி.”

“அப்ப ஆர் பிடிச்சது?”

“ஒருத்தரும் பிடிச்சதா எழுத்தில்லை. அவர் உயிரோட இருக்கேக்க போட்டவர்.”

“பிறகென்ன கதை?” என்று அவர் உண்மையாகவே கேட்டார். பின்னால் இரண்டு பேர் காத்து நின்றார்கள்.

“கதை இல்லை. நடந்தது இருக்கு. எட்டுப் பக்கந்தான்” என்று சொல்லி, புத்தகத்தை வாங்கி, ஒட்டிய விளிம்பு பிரியாமல் விரலால் அழுத்திக்கொண்டு 97ஆம் பக்கத்தைத் திறந்து, அவர் கையில் திருப்பிக் கொடுத்தேன்.